கொத்தமல்லிக்கு ஏன் சிவப்பு மை?



இது சமையற் குறிப்பு அன்று. தலைப்பைப் பார்த்துவிட்டுத் துவையல் அரைக்கும் முறையை எதிர்பார்த்து வந்தவர்கள் பொறுத்தருள வேண்டும். இஃது ஒரு குற்ற ஒப்புதல். அதற்குப் பின் ஒரு வழக்கு. குற்றவாளிக் கூண்டில் முதலில் ஏறி நிற்பவள் நானேதான்.

சில ஆண்டுகளுக்கு முன்னர் இரண்டாம் ஆண்டு மாணவர்களுக்குச் சொற்களஞ்சியப் பயிற்சி ஒன்றைக் கொடுத்திருந்தேன். மிளகு, சீரகம், கடுகு, வெந்தயம், மஞ்சள் என்று சமையலறைப் பொருள்களின் படங்கள். ஒவ்வொரு படத்தின் கீழும் பெயர் எழுத ஒரு கோடு. அவற்றுள் ஒன்று, பழுப்பு நிற உருண்டை விதைகள் நிறைந்த கிண்ணம். விடைப்பட்டியலில் அதற்குரிய விடை 'கொத்தமல்லி'. ஒரு மாணவன் 'மல்லி' என்று எழுதியிருந்தான். இன்னொருவன் 'தனியா' என்று எழுதியிருந்தான். ஒரு சிறுமி 'கெத்தும்பார்' என்று அழகிய கையெழுத்தில் எழுதியிருந்தாள். மூவருக்கும் சிவப்பு மையால் குறுக்குக் கோடு போட்டேன். பட்டியலில் இல்லாத விடை தவறான விடை. அவ்வளவுதான் அன்றைய என் அறிவு.

மறுநாட்காலை, 'மல்லி' என்று எழுதிய மாணவனின் தந்தை பள்ளி வாயிலில் காத்திருந்தார். லாரி ஓட்டுநர். வேலைக்குச் செல்லும் வழியில் வந்திருந்தார். கையில் ஒரு பொட்டலம். "டீச்சர், கோவிச்சுக்காதீங்க. இது நாங்க கடையில வாங்குற தூள். இதுல தமிழ்லயே மல்லித்தூள்னுதான் போட்டிருக்கு. எம்புள்ள எழுதுனது எப்படித் தப்பாகும்?" என்று கேட்டார். குரலை உயர்த்தவில்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ளக் கேட்டார். என்னிடம் பதில் இல்லை. அன்றே வகுப்பில் அந்த மாணவனிடம் மன்னிப்புக் கேட்டு மதிப்பெண்ணைத் திருத்தினேன். 'தனியா'வுக்கும் திருத்தினேன்.

ஆனால், 'கெத்தும்பார்' என்று எழுதிய சிறுமிக்காக எவரும் வாயிலில் வந்து நிற்கவில்லை. அடுத்து வந்த பயிற்சிகளில் அவள் தனக்கு உறுதியாகத் தெரியாத இடங்களை எல்லாம் வெற்றுக் கோடாகவே விட்டுவிட்டாள். தவறாக எழுதுவதைவிட எழுதாமல் விடுவது பாதுகாப்பானது என்னும் பாடத்தை அவளுக்கு நான் மிகத் திறம்படக் கற்பித்திருந்தேன்! அந்த வெற்றுக் கோடுகள்தாம் இன்று என்னை எழுத வைக்கின்றன.

ஒரு செடி, பல பெயர்

சிவப்பு மையை எடுக்கும் முன் நாம் தெரிந்துகொள்ள வேண்டியவை சில உள்ளன. தமிழர் வீடுகளில் இச்செடிக்கு ஒரே பெயர் என்றும் இருந்ததில்லை. கொத்தமல்லி, கொத்துமல்லி, மல்லி, தனியா ஆகிய அனைத்தும் வழக்கில் உள்ளவை. பெரும்பாலான வீடுகளில் விதையை 'மல்லி' என்றும் 'தனியா' என்றும், இலையைக் 'கொத்தமல்லி', 'கொத்தமல்லித் தழை', 'மல்லித்தழை' என்றும் வழங்குவர். வீட்டுக்கு வீடு இது மாறும். ஒரு வீட்டில் 'கொத்தமல்லி' என்றால் தழை. அடுத்த வீட்டில் அதே சொல் விதையைக் குறிக்கும். ஆகவே, விதையின் படத்தைப் போட்டு ஒரே ஒரு விடையை மட்டும் எதிர்பார்த்ததே என் முதற்பிழை.

'மல்லி' என்ற சொல்லில் பிள்ளைகளுக்கு இன்னொரு குழப்பமும் உண்டு. "டீச்சர், மல்லிப்பூவைக் காயவெச்சுத்தான் மல்லித்தூள் செய்வாங்களா?" என்று என் மாணவன் ஒருவன் கேட்டான். வகுப்பே சிரித்தது. நான் சிரிக்கவில்லை. அது மிக நல்ல கேள்வி. தலையில் சூடும் மல்லிகை, ஒலிவ மரத்தின் குடும்பத்தைச் சேர்ந்தது. மல்லித்தூள் தரும் செடியோ சீரகம், சோம்பு, ஓமம், கேரட் ஆகியவற்றின் குடும்பம். பெயரில் மட்டுமே ஒற்றுமை. கேள்வி கேட்ட மாணவன் தான் கேட்ட சொல்லை வைத்துச் சிந்தித்திருக்கிறான். பட்டியலை மனனம் செய்தவனுக்கு இக்கேள்வி எழவே எழாது.

'கொத்தாக விற்பதால் கொத்தமல்லி' என்று நாம் வகுப்பில் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். நானும் சொல்லியிருக்கிறேன். கேட்க இனிமையாகத்தான் இருக்கிறது. ஆனால், கன்னடத்தில் இது 'கொத்தம்பரி', தெலுங்கில் தழை 'கொத்திமீர', மராத்தியில் 'கோத்திம்பீர்', மலையாளத்திலும் சிங்களத்திலும் 'கொத்தமல்லி', சமஸ்கிருதத்தில் 'குஸ்தும்பரி', 'குஸ்தும்புரு'. பாணினியின் இலக்கணத்திலேயே 'குஸ்தும்புரு' என்னும் சொல் இடம்பெற்றுள்ளது. இத்தனை உறவுகளையும் மறைத்துவிட்டுக் 'கொத்து' என்னும் மூன்றெழுத்தில் கதையை முடிப்பது அறிவுடைமை ஆகாது.

இனி அந்தச் சிறுமி எழுதிய சொல்லுக்கு வருகிறேன். மலாய் மொழியின் 'கெத்தும்பார்' எங்கிருந்து வந்தது? அதனைக் 'கொத்தம்பரி', 'குஸ்தும்பரி' ஆகியவற்றின் பக்கத்தில் வைத்து உரக்கப் படித்துப் பாருங்கள். ஆம், இந்தியாவிலிருந்து கடல் கடந்து வந்து மலாய் மண்ணில் குடியேறிய சொல் அது. 'கடை', 'பெட்டி', 'கட்டில்', 'கப்பல்' ஆகியவை நம்மிடமிருந்து மலாய்க்குச் சென்றதைப் பெருமையுடன் மேடையில் பேசுகிறோம். அதே வகையில் வந்த ஒரு சொல்லை எட்டு வயதுக் குழந்தை எழுதினால் குறுக்குக் கோடு போடுகிறோம்! நம் வீட்டுச் சொல்லின் உறவுக்காரனை வாசலிலேயே விரட்டியடித்தவள் நான்.

'தனியா'வை நாடு கடத்துவோர்

இவ்விடத்தில் என் தனித்தமிழ் அன்பர்களுடனும் வழக்காட வேண்டியுள்ளது. "தனியா வடசொல், அதைப் பாடத்தில் அனுமதிக்கக் கூடாது" என்று ஆசிரியர் கூட்டம் ஒன்றில் ஒருவர் வாதிட்டார். மூலம் குறித்து அவர் சொன்னது சரிதான். தானியத்தைக் குறிக்கும் 'தான்ய' என்னும் வடசொல்லை அடியாகக் கொண்ட 'தான்யக' என்பதிலிருந்து பிறந்த பெயர் அது. இந்தியிலும் 'தனியா'தான்.

நான் தமிழ்ப்பற்றில் எவருக்கும் பின்தங்கியவள் அல்லள். ஆயினும் கேட்கிறேன்: ரசப்பொடிக்குத் தனியா வறுத்த பாட்டியின் வாயிலிருந்து அச்சொல்லைப் பிடுங்கிவிட்டு அவ்விடத்தில் எதை வைக்கப் போகிறீர்கள்? நீங்கள் 'தனியா'வை நாடு கடத்திய வேகத்தில் அவ்விடத்தில் வந்து அமரப்போவது 'கொத்தமல்லி விதை' அன்று, 'கொரியாண்டர்'. கடந்த இருபது ஆண்டுகளாக வகுப்பறையில் இதனைத்தான் கண்கூடாகக் காண்கிறேன். பிள்ளையிடம் ஏற்கெனவே இருக்கும் சொல்லை இழிவுபடுத்தினால் அவன் தூய சொல்லுக்கு மாறுவதில்லை. தமிழை விட்டே விலகிச் செல்கிறான். சொல்லின் பிறப்பைக் கற்பியுங்கள். வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால், அதனைக் காரணம் காட்டிப் பாட்டியைத் தவறாக்கி விடாதீர்கள்.

பெற்றோர்களே, உங்களிடமும் ஒரு கேள்வி

ஆசிரியரை மட்டுமே குறை சொல்கிறாளே என்று மகிழ வேண்டாம்.

அந்த நிகழ்வுக்குப் பின் நான் ஒரு நாள் வீட்டிலிருந்தே மல்லி, சீரகம், சோம்பு, வெந்தயம், கடுகு, மிளகு ஆகியவற்றைச் சிறு டப்பாக்களில் கொண்டு சென்றேன். மேசையில் வரிசையாக வைத்து, தொட்டும் முகர்ந்தும் பெயர் சொல்லச் சொன்னேன். எல்லாவற்றின் மணமும் பிள்ளைகளுக்குத் தெரிந்திருந்தது. "இது எங்க வீட்டுக் கறியில வரும் டீச்சர்", "இது பருப்புல வரும்" என்றெல்லாம் கூவினார்கள். ஆனால், ஆறு பொருளுக்கும் தமிழ்ப்பெயர் சொன்னவர்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவர்களே. நாள்தோறும் உண்ணும் பொருளின் பெயர் தெரியவில்லை. மூக்குக்குத் தெரிந்தது நாவுக்குத் தெரியவில்லை!

இதற்கு யார் பொறுப்பு? பள்ளியில் பிள்ளைகள் இருப்பது சில மணி நேரம். சமையலறை உங்கள் வீட்டில் இருக்கிறது. "அந்தப் பவுடரை எடு", "அந்தப் பச்சையைக் கொண்டா" என்று பேசிப் பேசியே பெயர்களைத் தொலைத்துவிட்டோம்.

என் வீடும் விதிவிலக்கன்று. பேரங்காடியில் என் மகள் தழைக்கட்டு ஒன்றைத் தூக்கிக் காட்டி, "அம்மா, சிலாந்ரோ!" என்றாள். சமையல் காணொளிகளில் கற்ற சொல். தமிழாசிரியையின் மகள்! அது ஸ்பானிய மொழிவழி அமெரிக்கர் பேச்சில் வழங்கும் பெயர் என்று விளக்கினேன். விளக்கியபோது என் குரலில் பெருமிதம் இல்லை. அவளிடம் நான் எத்தனை முறை 'கொத்தமல்லித் தழை' என்று சொல்லியிருக்கிறேன் என்று எண்ணிப் பார்த்தேன். கணக்கு நினைவுக்கு வரவில்லை.

பெயர் தெரியாவிட்டால் பொருளும் பிடிபடாது. மல்லித்தழை வாங்கிவரச் சொன்னால் 'டாவுன் சூப்' எனப்படும் செலரித் தழையோடு திரும்பும் பிள்ளைகளை நீங்களும் கண்டிருப்பீர்கள். இரண்டும் ஒரே குடும்பம், பார்வைக்கு ஏமாற்றும். சந்தையில் 'கெத்தும்பார் ஜாவா' என்று விற்கும் நீண்ட, ஓரம் பல்பல்லாக இருக்கும் இலை வேறு செடி. அமெரிக்க வெப்பமண்டலத்திலிருந்து வந்தது. லக்சாவுக்குப் போடும் 'டாவுன் கெசும்' என்பதை ஆங்கிலத்தில் 'வியட்நாமியக் கொத்தமல்லி' என்பர். அதற்கும் நம் கொத்தமல்லிக்கும் உறவே இல்லை. பெயரறிந்த கண் இவற்றைப் பிரித்துப் பார்க்கும். பெயரறியாத கண்ணுக்கு எல்லாமே 'பச்சை'.

'பண்ணு' விழுங்கிய வினைச்சொற்கள்

பெயர்ச்சொல் போனால்கூடப் படத்தைக் காட்டி மீட்டுவிடலாம். எனக்குப் பெரிய அச்சம் வினைச்சொற்களைப் பற்றியது.

ஒரு கைப்பிடி மல்லி, கறிக்குழம்பாக மாறும்வரை நடப்பவற்றைச் சற்று எண்ணிப் பாருங்கள். மல்லியைப் புடைக்கிறோம், கல் பொறுக்குகிறோம், வெயிலில் உலர்த்துகிறோம், இளஞ்சூட்டில் வறுக்கிறோம். மணம் எழுந்ததும் இறக்க வேண்டும், கருகினால் கசக்கும். ஆற்றி, இடித்து, பொடித்து, சலிக்கிறோம். அம்மியில் நீர் தெளித்து அரைக்கிறோம், கையால் வழிக்கிறோம். எண்ணெயில் தாளித்து, வதக்கி, கரைத்து ஊற்றி, கொதிக்க விடுகிறோம். குழம்பு சுண்டுகிறது. தழையை ஆய்ந்து, அலசி, நறுக்கி, இறக்கும் நேரத்தில் தூவுகிறோம். முன்னதாகவே போட்டால் சூட்டில் அதன் மணம் போய்விடும்.

ஒரு செடியைச் சுற்றி இருபதுக்கும் மேற்பட்ட வினைகள்! ஒவ்வொன்றும் தனித்த ஒரு செயலைக் குறிக்கிறது. வறுப்பது வேறு, வதக்குவது வேறு, பொரிப்பது வேறு. இன்று இவை அனைத்தையும் ஒரே ஒரு சொல் விழுங்கிவிட்டது: 'பண்ணு'. ஃப்ரை பண்ணு, பிளெண்ட் பண்ணு, கட் பண்ணு, மிக்ஸ் பண்ணு. வறுத்தாலும் வதக்கினாலும் பொரித்தாலும் ஃப்ரைதான்.

இதன் விளைவை நாம் கட்டுரை ஏடுகளில் திருத்துகிறோம். 'என் அம்மா' என்று தலைப்புக் கொடுத்தால் வகுப்பு முழுவதும் ஒரே வாக்கியம்: 'என் அம்மா சுவையாகச் சமைப்பார்.' அடுத்த வாக்கியம் இல்லை. எப்படி இருக்கும்? அம்மா சமையலறையில் என்னென்ன செய்கிறார் என்று சொல்வதற்குப் பிள்ளையிடம் வினைச்சொல் இல்லையே! மொழிவளம் இல்லை என்று புலம்புகிறோம். அதற்காக மேலும் ஒரு மரபுத்தொடர்ப் பட்டியலை மனனம் செய்யச் சொல்கிறோம். அடுப்பங்கரையில் அழிந்ததைப் பட்டியலால் மீட்க முடியாது.

"கொத்தமல்லி சோறு போடுமா?"

இவ்வாறு ஒரு பெற்றோர் என்னிடம் நேராகவே கேட்டார். அறிவியலும் கணிதமும் ஆங்கிலமும்தானே முக்கியம் என்றார். நல்லது. அறிவியலுக்கே வருவோம்.

நாம் 'விதை' என்று சொல்லும் மல்லி, தாவரவியல்படி ஒரு காய்ந்த கனி. அதனை மெல்ல அழுத்தித் தேய்த்தால் இரண்டாகப் பிளக்கும். ஒவ்வொரு பாதியிலும் ஒரு விதை. அப்படிப் பிளந்து விதைத்தால் முளைப்பது எளிது. முளை வர ஒரு வாரத்துக்கு மேலாகும்; பிள்ளைகளுக்குப் பொறுமையையும் கற்பிக்கும். நம் நாட்டின் சமவெளி வெப்பத்தில் செடி விரைவில் பூத்துவிடும். தழை வேண்டுவோருக்கு அது குறை. வகுப்பறைக்கோ அது வரம். இலை, வெண்பூ, காய் என முழு வாழ்க்கைச் சுழற்சியையும் ஒரே பள்ளித் தவணையில் காட்ட நல்ல வாய்ப்பு.

ஒரே செடியின் தழையும் விதையும் ஏன் வேறுவேறாக மணக்கின்றன? விதையின் மணத்துக்கு லினலூல் என்னும் பொருளும், தழையின் மணத்துக்கு ஆல்டிஹைடு வகைப் பொருள்களும் முதன்மைக் காரணம். சிலருக்குத் தழை சவர்க்காரம்போல் இருக்கும். 2012இல் வெளிவந்த ஆய்வொன்று, மணத்தை உணரும் மரபணுக்களோடு இதனைத் தொடர்புபடுத்தியது. ஆகவே, ரசத்தில் மிதக்கும் தழையை ஒதுக்கும் பிள்ளையை உடனே 'அடம்' என்று திட்டாதீர்கள்; அவன் மூக்கு வேறு மூக்காக இருக்கலாம்.

வரலாறு வேண்டுமா? 1922இல் கண்டறியப்பட்ட எகிப்திய மன்னன் துட்டன்காமனின் கல்லறையில் மல்லி இருந்தது. கிரேக்க நாட்டின் மைசினிய காலக் களிமண் பலகைகளில் அதன் பெயர் எழுதப்பட்டுள்ளது. நாட்டுப்பற்றுப் பாடம் வேண்டுமா? மலாய்க்காரர் வீட்டுச் சாத்தேயிலும் குருமாவிலும் கெத்தும்பார் இருக்கிறது. நம் சாம்பாரிலும் கறியிலும் மல்லி இருக்கிறது. சீனர் வீட்டுக் கஞ்சியின் மேல் தழை மிதக்கிறது. தாய்லாந்தில் அதன் வேரைக்கூடப் பூண்டோடும் மிளகோடும் சேர்த்து இடிக்கிறார்கள். இத்தனையையும் ஒரு செடியிலிருந்து தமிழிலேயே கற்பிக்கலாம். சோறு போடுமா என்று கேட்டவருக்கு என் விடை இதுதான்: சோற்றோடு சேர்த்து அறிவையும் போடும்.

என்ன செய்யலாம்?

குறை கூறிவிட்டு ஓடுவது முறையன்று. நான் கடைப்பிடித்து வருபவற்றைக் கீழே தருகிறேன்.

1. குறுக்குக் கோட்டுக்குப் பதில் அம்புக்குறி. பிள்ளை 'கெத்தும்பார்' என்று எழுதினால் அதன் பக்கத்தில் ஓர் அம்புக்குறி போட்டு 'தமிழில்: மல்லி' என்று எழுதுகிறேன். அச்சொல் மலாய்ப் பாடத்தில் சரியான விடை என்பதையும் சொல்கிறேன். தமிழ்ச்சொல்லை அவள் கற்கத்தான் வேண்டும். அதில் விட்டுக்கொடுப்பு இல்லை. ஆனால், கற்பதற்கு முன்பே அவளை வெட்கப்பட வைக்க எனக்கு உரிமை இல்லை.

2. விடைப்பட்டியலுக்கு அடிமையாகாமை. யூ.பி.எஸ்.ஆர். தேர்வு 2021இல் அகற்றப்பட்டுவிட்டது. தேர்வு போன பின்னும் தேர்வு மனப்பான்மை நம் பேனாவில் உட்கார்ந்திருக்கிறது. வீட்டு வழக்கு வேறாக இருந்தால், விசாரித்த பின் மதிப்பெண் இடுவோம்.

3. பொட்டலத்தைப் படிக்கச் சொல்லுதல். இருவரும் வேலைக்குச் செல்லும் வீட்டில் மல்லி வறுத்து அரைக்க நேரமில்லை என்பதை அறிவேன். அரைக்க வேண்டாம். கடையில் வாங்கிய பொட்டலத்தின் மேலுள்ள தமிழ் எழுத்தைப் பிள்ளையை உரக்கப் படிக்கச் சொல்லுங்கள். அரை நிமிடம் போதும்.

4. வாரம் ஒரு வினை. இந்த வாரம் 'தாளி'. அடுத்த வாரம் 'ஆய்'. கீரையை ஆயும் வேலையைப் பிள்ளையிடமே கொடுங்கள். ஆண் பிள்ளையிடமும் கொடுங்கள். வினைச்சொல்லுக்கு ஆண் பெண் பேதம் இல்லை.

5. பாட்டியை வகுப்புக்கு அழைத்தல். சளிக்குச் சுக்கு மல்லி காய்ச்சிக் கொடுத்த கைகள் இன்னும் நம்மிடையே இருக்கின்றன. அவர்கள் இருக்கும்போதே கேட்டுக்கொள்வோம்.

அந்தச் சிறுமிக்கு இப்போது என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள். அவள் பள்ளியை விட்டுச் செல்லும் முன், ஐந்தாம் ஆண்டில் மீண்டும் என் வகுப்பில் இருந்தாள். பள்ளித் தோட்டத்தில் நாங்கள் மல்லி விதைத்த நாளில் அவளை அழைத்து, "நீ அன்றைக்கு எழுதியது முழுத் தவறில்லை அம்மா, நான்தான் அவசரப்பட்டுவிட்டேன்" என்று கூறி, அச்சொல்லின் கதையைச் சொன்னேன். அவளுக்கு அந்தப் பயிற்சியே நினைவில் இல்லை. "பரவாயில்லை டீச்சர்" என்றாள். ஆனால், தமிழில் பேச அவள் அப்போதும் தயங்கிக்கொண்டேதான் இருந்தாள். நிகழ்வு மறந்துபோகும், தயக்கம் தங்கிவிடும்.

ஆசிரியர்களே, அடுத்த முறை சிவப்புப் பேனாவின் மூடியைத் திறக்கும் முன் ஒரு கணம் நில்லுங்கள். பெற்றோர்களே, இன்றிரவு குழம்பு கொதிக்கும்போது பிள்ளையை அருகில் அழைத்து, "இது என்ன?" என்று ஒரே ஒரு கேள்வி கேளுங்கள். விடை வராவிட்டால் திட்டாதீர்கள், சொல்லிக் கொடுங்கள்.

தமிழ் வாழ வேண்டும் என்று மேடைதோறும் முழங்குகிறோம். முதலில் அது நம் அஞ்சறைப் பெட்டியில் வாழட்டும்.

அன்புடன்,
ஒரு தமிழ்ப்பள்ளி ஆசிரியை